வேலையில் அடிபட்டால் நஷ்டஈடு: வாசகர் கேள்வி பதில்

வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர் மாவட்டங்களிலிருந்தும் ஆரணிப் பக்கத்திலிருந்தும் வேலையிடத்து விபத்துகள் பற்றி வந்த கடிதங்களுக்கு இந்த இதழில் பதில் சொல்கிறோம். கேள்விகளைச் சுருக்கியிருக்கிறோம். கேட்டவர்கள் பெயரையும் நிறுவனங்களின் பெயரையும் வெளியிடவில்லை.

என் கணவருக்கு 32 வயது. எட்டுப் பேர் வேலை பார்க்கும் ஜாப் ஒர்க் யூனிட்டில் கிளிக்கர் மெஷினில் தோல் வெட்டுகிறார். 2025 ஜூனில் வலது கை மாட்டிக்கொண்டது. ஆள்காட்டி விரலில் இரண்டு கணுவும் நடுவிரலில் ஒரு கணுவும் போய்விட்டன. மாதக் கூலி 14,000 ரூபாய். ஆஸ்பத்திரி பில்லை ஓனர் கட்டினார். "மேல 25,000 தரேன், இதோட முடிச்சுக்கலாம்" என்கிறார். வாங்கிக்கொள்ளலாமா?
வாசகி, பேரணாம்பட்டு

கையெழுத்துப் போடாதீர்கள். உங்களுக்குச் சேர வேண்டிய தொகை மூன்று லட்சத்துக்கு மேல் வருகிறது.

பத்துப் பேருக்குக் குறைவான இடம் என்பதால் இஎஸ்ஐ (தொழிலாளர் அரசுக் காப்பீடு) கிடையாது என்று எடுத்துக்கொள்கிறோம். ஆனாலும் ஒன்றைச் சரிபாருங்கள். அதே ஓனருக்குப் பக்கத்துத் தெருவில் இன்னொரு யூனிட் இருந்து, இரண்டும் ஒரே நிறுவனமாக நடந்தால் ஆள் கணக்கு பத்தைத் தாண்டலாம். அப்போது வழியே வேறு. அது அடுத்த பதிலில் இருக்கிறது. இஎஸ்ஐ இல்லையென்றால் 1923ஆம் ஆண்டின் பணியாளர் இழப்பீட்டுச் சட்டம்தான் உங்களுக்கு. நஷ்டஈட்டை ஓனரின் மனசு தீர்மானிப்பதில்லை. சட்டத்தில் கணக்கு இருக்கிறது.

அந்தக் கணக்கு இதுதான். வேலை செய்யும் திறன் முழுதும் போயிருந்தால், மாதக் கூலியில் 60 சதவீதத்தை வயதுக்கான காரணி எண்ணால் பெருக்க வேண்டும். 14,000இல் 60 சதவீதம் 8,400. 32 வயதுக்கான எண் 203.85. பெருக்கினால் 17,12,340 ரூபாய். உறுப்பு பகுதியாகப் போயிருந்தால் இதில் அதற்குரிய சதவீதம். சட்டத்தின் முதல் அட்டவணைப்படி ஆள்காட்டி விரலில் இரண்டு கணு போனால் 11 சதவீதம், நடுவிரலில் ஒரு கணு போனால் 7 சதவீதம். ஒரே விபத்தில் ஏற்பட்ட காயங்களைக் கூட்டிக்கொள்ளலாம். மொத்தம் 18 சதவீதம். தொகை 3,08,221 ரூபாய்.

வயதை விபத்துக்கு முன் கடைசியாக வந்த பிறந்தநாளில் முடிந்த வயதாகப் பார்ப்பார்கள். 31 என்றால் எண் 205.95 ஆகிவிடும். ஆதாரில் ஒரு தேதியும் பள்ளிச் சான்றிதழில் வேறு தேதியும் இருந்தால் எதிர்த்தரப்பு அதைத்தான் முதலில் பிடிக்கும். இப்போதே பார்த்து வைத்துக்கொள்ளுங்கள்.

விபத்து நடந்த ஒரு மாதத்துக்குள் பணம் வந்திருக்க வேண்டும். தாமதத்துக்கு ஆண்டுக்கு 12 சதவீத வட்டி உண்டு. உங்கள் தொகைக்கு அது வருடத்துக்கு ஏறக்குறைய 37,000 ரூபாய். சரியான காரணம் இல்லாமல் இழுத்தடித்தால் தொகையில் 50 சதவீதம் வரை அபராதமும் விதிக்கலாம். ஆஸ்பத்திரி பில் கட்டியதைச் சொல்லி இதில் கழிக்க முடியாது. மருத்துவச் செலவு முதலாளி தலையில் தனியாக விழும் பொறுப்பு.

இந்த வழக்குகள் சறுக்குவது பெரும்பாலும் மருத்துவச் சான்றில். டிஸ்சார்ஜ் சம்மரியில் "வலது கை விரல்களில் நசுங்கல் காயம்" என்று மட்டும் இருந்தால் அதற்கு அட்டவணையில் சதவீதமே இல்லை. எந்த விரல், எந்தக் கணு, எலும்போடு போனதா, சதை நுனி மட்டுமா என்று டாக்டர் எழுத வேண்டும். ஆள்காட்டி விரலில் எலும்பு போகாமல் நுனி மட்டும் போனால் 5 சதவீதம்தான்; நுனிக் கணு எலும்போடு போனால் 9. தையல் பிரித்த பிறகு ஒரு எக்ஸ்ரே எடுத்து வையுங்கள். மீதியிருக்கும் கணு மடங்காமல் விறைத்துப் போயிருந்தால் அதையும் எழுதச் சொல்லுங்கள். ஓர் உறுப்பின் பயன்பாடு முழுதாக, நிரந்தரமாகப் போனால் உறுப்பே போனதற்குச் சமம் என்று அட்டவணையின் குறிப்பு சொல்கிறது.

இப்போது செய்ய வேண்டியது, ஓனருக்குப் பதிவுத் தபாலில் ஒப்புகை அட்டையோடு ஒரு கடிதம். விபத்து நடந்த தேதி, நேரம், மெஷின், காயம், கேட்கும் தொகை இருந்தால் போதும். யூனிட்டின் பெயரைச் சரியாக எழுதுங்கள். போர்டில் ஒரு பெயர், ஜிஎஸ்டி பில்லில் வேறு பெயர், கூலி அனுப்பும் வங்கிக் கணக்கில் மூன்றாவது பெயர் என்று இருப்பது இந்தத் தொழிலில் சகஜம். மூன்றையும் எழுதிவிடுங்கள்.

ஷூ கம்பெனியில் கட்டிங்கில் சேர்ந்து நான்கு மாதத்தில் இடது கட்டைவிரல் போய்விட்டது. 200 பேருக்கு மேல் வேலை செய்கிறோம். எனக்கு மட்டும் இஎஸ்ஐ போடவில்லை. அடிபட்ட அன்று சூப்பர்வைசர் தனியார் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போய் "வீட்ல விழுந்துட்டேன்னு சொல்லு, செலவ நாங்க பாத்துக்கறோம்" என்றார். இப்போது கேட்டால் "நீ இஎஸ்ஐயில் இல்லை, ஒன்றும் கிடைக்காது" என்கிறார்கள்.
வாசகர், ஆம்பூர்

கிடைக்கும். இஎஸ்ஐ பிடித்தார்களா என்பது கேள்வியே இல்லை. பிடித்திருக்க வேண்டுமா என்பதுதான் கேள்வி. சம்பளம் 21,000 ரூபாய்க்குள் இருந்து, சட்டம் பொருந்தும் தொழிற்சாலையில் வேலை பார்த்தால், சேர்ந்த முதல் நாளிலிருந்தே நீங்கள் காப்பீட்டாளர். முதலாளி சந்தா கட்டாதது இஎஸ்ஐ கழகத்துக்கும் முதலாளிக்கும் இடையிலான கணக்கு. கழகம் உங்களுக்குக் கொடுத்துவிட்டு அவரிடம் வசூலித்துக்கொள்ளும். பாரகத் இன்ஜினியரிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. வேலையிடத்துக் காயத்துக்கு இத்தனை மாதம் சந்தா கட்டியிருக்க வேண்டும் என்ற நிபந்தனையும் கிடையாது.

காயம் ஆறும் வரை தற்காலிக ஊனப் பயன், நாள் சராசரிக் கூலியில் 90 சதவீதம். ஆறிய பிறகு மருத்துவக் குழு நிரந்தர இழப்பைக் கணக்கிடும். கட்டைவிரல் முழுதும் போனால் அட்டவணையில் 30 சதவீதம். உங்கள் நாள் சராசரி 500 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். 90 சதவீதம் 450. அதில் 30 சதவீதம் 135 ரூபாய். நாளைக்கு 135, மாதத்துக்கு ஏறக்குறைய 4,050 ரூபாய், ஆயுள் முழுதும். திரும்ப வேலைக்குப் போனாலும் இது நிற்காது. "மொத்தமாக 50,000 வாங்கிக்கொள்" என்று யாராவது சொன்னால், அது உங்களுடைய ஒரு வருட வரவு என்று நினைவில் வையுங்கள்.

இஎஸ்ஐ பொருந்துபவர் 1923 சட்டத்தில் தனியாக நஷ்டஈடு கேட்க முடியாது. இரண்டில் ஒன்றுதான். அதனால் தவறான கதவைத் தட்டி இரண்டு வருடம் வீணாக்க வேண்டாம். உங்கள் பகுதி இஎஸ்ஐ கிளை அலுவலகத்துக்குப் போங்கள். படிவம் 12 என்ற விபத்து அறிக்கையை முதலாளி கொடுக்க வேண்டும். அவர் மறுத்தால் நீங்களே எழுத்தில் கொடுத்து, நகலில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள்.

வேலை செய்ததற்கு ஆதாரம் வேண்டும். கேட் பாஸ், வங்கியில் வந்த கூலி, ஷிப்டு மாற்றம் சொல்லும் வாட்ஸ்அப் குழுவின் செய்திகள், கம்பெனி வேனில் ஏறும் இடம் தெரிந்த இரண்டு பேர். போனை மாற்றுவதற்கு முன் அந்தச் செய்திகளைப் படம்பிடித்து வேறு இடத்தில் சேமியுங்கள். குழுவிலிருந்து உங்களை நீக்குவதுதான் பொதுவாக முதலில் நடக்கும்.

"வீட்டில் விழுந்தேன்" என்ற பதிவுதான் உங்கள் வழக்கின் பலவீனம். அதை மறைக்காமல் மனுவிலேயே சொல்லிவிடுங்கள்: யார் கூட்டிப்போனார், யார் அப்படிச் சொல்லச் சொன்னார், பில்லை யார் கணக்கிலிருந்து கட்டினார்கள். வீட்டில் விழுந்தவனுக்குக் கம்பெனி ஏன் பில் கட்டியது என்ற கேள்விக்கு அவர்களிடம் பதில் இருக்காது. விழுந்து நசுங்கிய விரலும் கட்டிங் டை ஒரே நேராக வெட்டிய விரலும் ஒன்றுபோல இருக்காது. அறுவைக் குறிப்பில் வெட்டின் தன்மை எழுதியிருக்கிறதா பாருங்கள். 48 மணி நேரத்துக்கு மேல் ஆள் வேலைக்கு வர முடியாமல் போகும் விபத்தை நிர்வாகம் தொழிற்சாலை ஆய்வாளருக்குத் தெரிவிக்க வேண்டும் என்பது விதி. தெரிவிக்கவில்லை என்று தொழிலகப் பாதுகாப்பு மற்றும் சுகாதார இயக்ககத்துக்கு எழுதுங்கள். விசாரணை நடந்தால் அந்த அறிக்கை உங்களுக்குச் சாட்சி.

மற்ற வாசகர்களும் இதைக் கவனிக்க வேண்டும். அடிபட்டவரை அரசு மருத்துவமனைக்குக் கொண்டுபோனால் ஏஆர் (விபத்துப் பதிவேட்டுக் குறிப்பு) போடுவார்கள். "எப்படி அடிபட்டது" என்ற அந்த ஒரு வரியை மெஷின் பெயரோடு, வேலையிடத்தின் பெயரோடு எழுதச் சொல்லுங்கள். பிற்பாடு பத்துச் சாட்சிகள் வந்தாலும் அந்த ஒரு வரிக்கு ஈடாகாது. மயக்கத்தில் இருப்பவருக்காகப் பேசுவது உடன் போகிறவர். அது மேனேஜராக இல்லாமல் வீட்டு ஆளாகவோ சக தொழிலாளியாகவோ இருக்கட்டும்.

கொத்தனார் வேலை. வயது 45. நாள் கூலி 900. அடுக்குமாடி வேலையில் சாரம் சரிந்து விழுந்ததில் குதிகால் எலும்பும் இடுப்பும் உடைந்தன. மாற்றுத்திறனாளி சான்றில் 40 சதவீதம் போட்டிருக்கிறார்கள். மேஸ்திரி கையை விரிக்கிறார். பில்டர் "என் ஆள் இல்லை" என்கிறார். 40 சதவீதம்தான் கிடைக்குமா? யாரிடம் கேட்பது?
வாசகர், காட்பாடி

முதலில் யாரிடம் என்பது. பில்டரையும் மேஸ்திரியையும் சேர்த்தே எதிர்மனுதாரர்களாகப் போடுங்கள். தன் தொழிலுக்கான வேலையை ஒப்பந்தக்காரரிடம் விட்டவர், தன் கட்டுப்பாட்டில் உள்ள இடத்தில் நடந்த விபத்துக்குத் தானே பொறுப்பு. கொடுத்துவிட்டு மேஸ்திரியிடம் அவர் வசூலித்துக்கொள்ளலாம். கட்டடம் கட்டி விற்பதே பில்டரின் தொழில், ஆகவே தப்ப முடியாது. இதே விபத்து, ஒருவர் தான் குடியிருக்கக் கட்டும் வீட்டில் நடந்திருந்தால் நிலை வேறு. வீடு கட்டுவது அவர் தொழிலல்ல. ஒப்பந்தம் எடுத்த மேஸ்திரிதான் முதலாளி ஆவார். இந்த வித்தியாசம் தெரியாமல் வீட்டுக்காரர் மேல் மட்டும் போட்ட மனுக்கள் தள்ளுபடியாகின்றன.

இனி 40 சதவீதம். அது உடல் ஊனத்தின் அளவு. நஷ்டஈட்டுக்குப் பார்ப்பது சம்பாதிக்கும் திறனில் எவ்வளவு போனது என்பது. இரண்டும் ஒன்றல்ல. குதிகால் உடைந்த கணக்கப்பிள்ளை நாற்காலியில் உட்கார்ந்து பழைய சம்பளத்தை வாங்கிவிடுவார். குதிகால் உடைந்த கொத்தனாரால் ஏணி ஏற முடியாது, குத்துக்காலிட்டுத் தரை பூச முடியாது. 1975இல் பிரதாப் நாராயண் சிங் தேவ் வழக்கில், முழங்கைக்கு மேல் இடது கையை இழந்த ஒரு தச்சருக்கு 100 சதவீத இழப்பு என்று உச்ச நீதிமன்றம் ஏற்றது. அட்டவணை அதற்குக் குறைந்த சதவீதம்தான் சொல்கிறது. ஆனால் ஒரு கையோடு தச்சு வேலை செய்ய முடியாது என்பதே காரணம்.

உங்களுடையது அட்டவணையில் இல்லாத காயம். அப்படியென்றால் தகுதியுள்ள மருத்துவர் சம்பாதிக்கும் திறன் இழப்பை மதிப்பிட வேண்டும். எலும்பு டாக்டரிடம் போகும்போது என்ன வேலை செய்தீர்கள் என்பதை விவரமாகச் சொல்லுங்கள்: எத்தனை கிலோ சிமெண்ட் தூக்குவீர்கள், எவ்வளவு உயரத்தில் நிற்பீர்கள், ஒரு நாளில் எத்தனை மணி நேரம் குத்துக்காலிட்டு இருப்பீர்கள். "கொத்தனார் வேலையைத் தொடர முடியாது, சமதளத்தில் நின்று செய்யும் இலகுவான வேலை மட்டும் முடியும்" என்பது போன்ற வரி சான்றில் இருக்க வேண்டும். விசாரணையில் அந்த டாக்டரைச் சாட்சியாகக் கூப்பிட வேண்டி வரும். சான்றை மட்டும் தாக்கல் செய்து டாக்டரைக் கூப்பிடாமல் விட்டதால் பாதியாகக் குறைந்த தொகைகள் உண்டு.

தொகையைப் பார்ப்போம். 900 ரூபாய், 26 நாள் என்றால் 23,400. ஆனால் கணக்கில் எடுக்கும் மாதக் கூலிக்கு 15,000 ரூபாய் உச்சவரம்பு. இது 2020 ஜனவரி 3 முதல். கொத்தனார் கூலி எங்கேயோ போய்விட்ட காலத்தில் இந்த வரம்பு அநியாயமாகக் குறைவு என்பது எங்கள் கருத்து. இருந்தாலும் இன்றைய கணக்கு அதுதான். 9,000ஐ 45 வயதுக்கான 169.44ஆல் பெருக்கினால் 15,24,960. இழப்பு 50 சதவீதம் என்று தீர்மானமானால் 7,62,480 ரூபாய். முழு இழப்பு என்று நிரூபித்தால் முழுத் தொகை.

கட்டுமானத் தொழிலாளர் நல வாரியத்தில் பதிவு செய்திருந்தால் அங்கேயும் விண்ணப்பியுங்கள். அது அரசு வாரியத்தின் உதவி. முதலாளியின் கடன் அதனால் தீர்ந்துவிடாது.

அரிசி மில்லில் லோடுமேன். மூட்டை சரிந்து கால் எலும்பில் கீறல். ஆறு வாரம் வீட்டில் இருந்தேன். இப்போது சரியாகிவிட்டது. மாதம் 12,000 கூலி. இஎஸ்ஐ இல்லை. ஏதாவது உண்டா?
வாசகர், ஆரணி

உண்டு. குணமாகும் வரை 15 நாளுக்கு ஒரு முறை மாதக் கூலியில் 25 சதவீதம். உங்களுக்கு 3,000 ரூபாய். முடக்கம் 28 நாளுக்கு மேல் போனதால் முதல் மூன்று நாளையும் சேர்த்து 42 நாளுக்கும் உண்டு: 8,400 ரூபாய். இதைத் தவிர மருந்து, எக்ஸ்ரே, மாவுக்கட்டு செலவு முழுதும் பில் காட்டிப் பெறலாம்.

விசைத்தறியில் ஷட்டில் பறந்து வந்து தம்பியின் வலது கண்ணில் அடித்தது. பார்வை முழுதும் போய்விட்டது. "பாதுகாப்புக் கார்டு போடாம ஓட்டினது அவன் தப்பு" என்கிறார் தறி உரிமையாளர். தம்பிக்கு 25 வயது, 12,000 ரூபாய் கூலி. மொத்தம் ஆறு தறிகள், ஐந்து ஆட்கள்.
வாசகர், குடியாத்தம்

கவனக்குறைவு என்பது இந்தச் சட்டத்தில் முதலாளிக்கு எதிர்வாதமே ஆகாது. பாதுகாப்புக் கார்டைத் தொழிலாளி வேண்டுமென்றே கழற்றினார் அல்லது பொருட்படுத்தவில்லை என்றால், அதுவும் மரணமோ முழு நிரந்தர ஊனமோ அல்லாத காயங்களில், முதலாளி அந்த வாதத்தை எடுக்கலாம். நிரூபிக்க வேண்டியது அவர். கார்டு அந்தத் தறியில் இருந்ததா? அது பாதுகாப்புக்கானது என்று தம்பிக்குத் தெரியுமா? கழற்றியது தம்பிதானா? இழை அறுந்தால் எடுத்துக்கட்ட இடைஞ்சல் என்று ஆறு தறியிலும் கார்டு இல்லாமல்தான் ஓடுகிறது என்றால் அவர் வாதம் அங்கேயே முடிந்தது. மற்ற ஐந்து தறிகளையும் இன்றைக்கே படம் எடுத்து வையுங்கள். நோட்டீஸ் போன மறுநாள் எல்லாத் தறியிலும் கார்டு முளைத்துவிடும்.

கண் உருண்டை அப்படியே இருந்து பார்வை மட்டும் போனால் 30 சதவீதம். கண்ணையே எடுக்க வேண்டி வந்தால் 40. மற்றக் கண் நன்றாக இருப்பதாக வைத்துச் சொல்கிறோம். 7,200ஐ 216.91ஆல் பெருக்கினால் 15,61,752. அதில் 30 சதவீதம் 4,68,526 ரூபாய். அடிபட்ட கண்ணால் நல்ல கண்ணுக்கும் பின்னால் பாதிப்பு வருவது உண்டு. மூன்று மாதத்துக்கு ஒரு முறையாவது கண் டாக்டரிடம் காட்டுங்கள்.

மசாலா அரவை மில்லில் முந்தானை பெல்ட்டில் சிக்கி அக்காவின் வலது கை மணிக்கட்டோடு போய்விட்டது. 40 வயது. 9,000 ரூபாய் சம்பளம், நான்கு ஆட்கள். மில்காரர் 60,000 ரூபாய் கொடுத்து "இனி எந்தக் கோரிக்கையும் இல்லை" என்று முத்திரைத் தாளில் கையெழுத்து வாங்கிவிட்டார். ஒன்றரை வருஷம் ஆகிறது. இனிமேல் கேட்க முடியுமா?
வாசகி, வாணியம்பாடி

முடியும். ஆனால் உடனே. விபத்து நடந்த இரண்டு வருடத்துக்குள் மனு போட்டாக வேண்டும். தாண்டினால் தக்க காரணம் காட்டி அனுமதி கேட்கலாம். அந்த நிலைக்குப் போக விடாதீர்கள்.

உரிமையை விட்டுக்கொடுக்கும் எந்த ஒப்பந்தமும் இந்தச் சட்டப்படி செல்லாது. அது 20 ரூபாய்த் தாளில் எழுதியதா, நோட்டரி போட்டதா என்பதெல்லாம் பொருட்டல்ல. பெண் தொழிலாளிக்கு மொத்தத் தொகையாகக் கொடுக்கும் இழப்பீட்டை, இந்த மனுக்களை விசாரிக்கும் இழப்பீட்டு ஆணையரிடம்தான் கட்ட வேண்டும். கையில் நேரடியாகக் கொடுத்தால் அதை இழப்பீடாகவே கருத முடியாது. ஆண் தொழிலாளியாக இருந்தாலும் ஒப்பந்தத்தை ஆணையரிடம் பதிவு செய்திருக்க வேண்டும். செய்யாவிட்டால் முழுத் தொகைக்கும் முதலாளி பொறுப்பு; ஆணையர் வேறு விதமாக உத்தரவிடாத வரை, முன்பு கொடுத்ததில் பாதிக்கு மேல் கழிக்கவும் முடியாது.

அக்காவுக்கு வர வேண்டியது: 5,400ஐ 184.17ஆல் பெருக்கினால் 9,94,518. கை போனதற்கு 60 சதவீதம். 5,96,711 ரூபாய், வட்டி தனி. மனுவில் 60,000 வாங்கியதை மறைக்க வேண்டாம். அந்தத் தாளின் நகல் இருந்தால் சேர்த்துவிடுங்கள். விபத்து நடந்ததற்கும் சம்பளத்துக்கும் மில்காரர் தன் கையாலேயே எழுதிக்கொடுத்த சாட்சி அது.

லாரி கிளீனர். சித்தூர் அருகே வண்டி கவிழ்ந்து கால் போய்விட்டது. இன்சூரன்ஸ் கம்பெனி தருமா, ஓனர் தருவாரா?
வாசகர், ராணிப்பேட்டை

இருவரையும் சேர்த்துப் போடுங்கள். லாரியின் பாலிசியில் ஓட்டுநர், கிளீனருக்கான பொறுப்புக்குப் பிரீமியம் கட்டியிருக்கிறதா என்று பார்த்து நகல் எடுங்கள். கட்டியிருந்தால் தொகையும் வட்டியும் இன்சூரன்ஸ் கம்பெனி தலையில். தாமத அபராதம் மட்டும் ஓனர் கையிலிருந்துதான் வர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1997இல் தீர்ப்பளித்திருக்கிறது. மோட்டார் வாகனத் தீர்ப்பாயத்துக்கும் போகலாம். ஆனால் இரண்டில் ஒன்றை மட்டுமே தேர்ந்தெடுக்க முடியும். உங்கள் வண்டி தானாகக் கவிழ்ந்ததா, எதிரே வந்த வண்டியின் தவறா என்பதைப் பொறுத்து எது லாபம் என்று மாறும். மனு போடுவதற்கு முன் வழக்கறிஞரிடம் எஃப்ஐஆரைக் காட்டி முடிவு செய்யுங்கள்.

டேனரியில் சுண்ணாம்புக் குழியிலும் பிறகு குரோம் டிரம்மிலும் ஒன்பது வருடம். கை முழுதும் வெடித்துப் புண். அரிப்பில் தூக்கமில்லை. இது விபத்து இல்லையே?
வாசகர், மேல்விஷாரம்

விபத்து இல்லை, தொழில் நோய். சட்டத்தின் மூன்றாம் அட்டவணையில் குரோமியத்தாலும் அதன் நச்சுச் சேர்மங்களாலும் வரும் நோய்களும், இரசாயனங்களால் வரும் தோல் நோய்களும் இருக்கின்றன. ஆறு மாதத்துக்குக் குறையாமல் தொடர்ந்து அந்த வேலையில் இருந்தவருக்கு அந்த நோய் வந்தால் வேலையால் வந்த காயமாகவே கொள்ளப்படும். உங்கள் டேனரி இஎஸ்ஐயில் இருந்தால் கேட்க வேண்டிய இடம் இஎஸ்ஐ.

தோல் மருத்துவரிடம் பேட்ச் டெஸ்ட் கேளுங்கள். எந்தப் பொருள் ஒத்துக்கொள்ளவில்லை என்பதை அது காட்டும். குரோமா, கையுறையின் ரப்பரா என்று பிரித்தறிய வேறு நல்ல வழி இல்லை. மூக்கில் அடிக்கடி இரத்தம் வந்தாலோ உள்ளே பொருக்குத் தட்டினாலோ அதையும் சொல்லுங்கள். ஆறு இணைதிறன் குரோமியம் என்னும் வகை மூக்கின் நடுச்சுவரை அரித்து ஓட்டையாக்கக் கூடியது. எந்த வருடம் எந்தப் பிரிவு என்று காட்டும் ஹாஜர் அட்டை, கூலிச் சீட்டுகளைச் சேகரியுங்கள். வேலைக்குப் போகாத வாரங்களில் புண் ஆறுகிறதா, திரும்பப் போனால் வெடிக்கிறதா என்பதை ஒவ்வொரு முறையும் சீட்டில் டாக்டரை எழுதச் சொல்லுங்கள்.

புதுச் சட்டம் வந்துவிட்டது, பழைய கணக்கெல்லாம் போய்விட்டது என்கிறார்களே?
வாசகர், திருப்பத்தூர்

2020ஆம் ஆண்டின் சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டம் 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்திருக்கிறது. அதற்கு முன் நடந்த விபத்துகளுக்குப் பழைய சட்டத்தின்படி ஏற்பட்ட உரிமை போய்விடாது. புதியதிலும் மரணத்துக்கு 50 சதவீதம், முழு நிரந்தர ஊனத்துக்கு 60 சதவீதம், வயதுக் காரணி, 12 சதவீத வட்டி என்ற எலும்புக்கூடு அப்படியே இருக்கிறது. வீட்டிலிருந்து வேலைக்குப் போகும்போதும் திரும்பும்போதும் நடக்கும் விபத்து, வேலையோடு தொடர்பு நிரூபணமானால் வேலை விபத்தாகும் என்பதை வெளிப்படையாகவே எழுதியிருக்கிறார்கள். பழைய சட்டத்துக்கும் அதே பொருள்தான் என்று 2025 ஜூலையில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

மனு எங்கே போடுவது? வக்கீல் வேண்டுமா? எவ்வளவு நாள் ஆகும்?
வாசகி, அணைக்கட்டு

லேபர் கோர்ட் என்று பலர் நினைக்கிறார்கள். இல்லை. தொழிலாளர் துறையின் உயர் அதிகாரிதான் இதற்கு இழப்பீட்டு ஆணையராக இருந்து விசாரிப்பவர். வேலூரில் அவர் அலுவலகம் இருக்கிறது. மனுவோடு ஏஆர் நகல், டிஸ்சார்ஜ் சம்மரி, எக்ஸ்ரே, வயதுச் சான்று, கூலி ஆதாரம், எஃப்ஐஆர் இருந்தால் அது, ஓனருக்கு அனுப்பிய நோட்டீஸும் ஒப்புகை அட்டையும் வேண்டும். வக்கீல் இல்லாமலும் நடத்தலாம். தொழிற்சங்க நிர்வாகி உங்களுக்காக ஆஜராகலாம். பணம் இல்லையென்றால் சத்துவாச்சாரி நீதிமன்ற வளாகத்திலுள்ள மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் இலவச வழக்கறிஞர் கேளுங்கள். பெண்கள், பட்டியல் வகுப்பினர், மாற்றுத்திறனாளிகள், தொழிற்சாலைத் தொழிலாளர்கள் ஆகியோருக்கு வருமான வரம்பு பார்க்காமலே அந்த உரிமை உண்டு. "கிடைத்ததில் முப்பது சதவீதம் எனக்கு" என்று பேசும் தரகர்களிடம் வெற்றுத் தாளில் கையெழுத்துப் போடாதீர்கள்.

மூன்று மாதத்தில் முடிக்க வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. நடைமுறையில் அதைவிட நீளும். எதிர்த்தரப்பின் பெயரோ முகவரியோ தவறி சம்மன் திரும்பி வருவதும், இன்சூரன்ஸ் இருப்பது பாதியில் தெரிந்து அவர்களைப் பின்னால் சேர்ப்பதும், டாக்டர் சாட்சிக்கு வராமல் தள்ளிப்போவதும்தான் காரணங்கள். முதல் இரண்டையும் மனு போடும்போதே தவிர்த்துவிடலாம். தீர்ப்பான பிறகும் கட்டவில்லையென்றால் நிலவரி பாக்கியைப் போல வசூலிக்கச் சொல்லி ஆணையரிடமே கேளுங்கள். கலெக்டர் வழியாக ஜப்தி வரைக்கும் போகும். முதலாளி உயர் நீதிமன்றத்துக்கு மேல்முறையீடு போக வேண்டுமென்றால் முழுத் தொகையையும் முதலில் ஆணையரிடம் கட்டிவிட்டுத்தான் போக முடியும். "ஹைகோர்ட்டுக்குப் போய் பத்து வருஷம் இழுப்பேன்" என்று மிரட்டினால் பயப்பட வேண்டாம்.

சிப்காட் பக்கம் டீக்கடை வைத்திருக்கிறேன். தினமும் வரும் ஒடிசாப் பையன் ஒருவனுக்கு முழங்கைக்குக் கீழே கை போய்விட்டது. டிக்கெட் எடுத்துக் கொடுத்து ஊருக்கு அனுப்பிவிட்டார்கள். அவன் அங்கிருந்தே கேட்க முடியுமா?
வாசகர், ராணிப்பேட்டை

முடியும். விபத்து நடந்த இடத்தில் மட்டுமல்ல, தொழிலாளி வழக்கமாகக் குடியிருக்கும் ஊரின் ஆணையரிடமும் மனு போடலாம். அவர் இங்குள்ள ஆணையருக்கு அறிவிப்பு அனுப்பிவிட்டு விசாரிப்பார். கம்பெனி இஎஸ்ஐயில் இருந்தால் இன்னும் எளிது. எந்த மாநிலத்திலும் உள்ள இஎஸ்ஐ அலுவலகம் வழியாகத் தொடரலாம்.

அவரிடம் இல்லாதது இங்குள்ள ஆதாரம். அதில் நீங்கள் உதவலாம். கூட வேலை பார்ப்பவர்கள் ஆறு மாதத்தில் வேறு ஊருக்குப் போய்விடுவார்கள். அவர்களில் இரண்டு பேருடைய சொந்த ஊர் முகவரியையும் போன் நம்பரையும் இப்போதே வாங்கி அந்தப் பையனுக்கு அனுப்புங்கள். கம்பெனி கேட்டின் போர்டு, ஒப்பந்தக்காரரின் பெயர், ஆள் ஏற்றும் வண்டியின் எண் ஆகியவற்றையும் படம் எடுத்து அனுப்புங்கள். முதலில் சேர்த்த ஆஸ்பத்திரியின் பெயரும் சேர்த்த தேதியும் தெரிந்தால் ஏஆர் நகலுக்கு அவர் அங்கிருந்தே விண்ணப்பம் அனுப்ப முடியும். இரண்டு வருடக் கெடு அவருக்கும் ஓடிக்கொண்டிருக்கிறது என்பதையும் சொல்லுங்கள்.